அதே தொகை

“அக்காவுக்குச் சொன்னீகள்ல, என்கிட்ட ஏன் சொல்லலை?”

கடன் போக மிஞ்சிய பணத்தை வாங்க மனுப் போட வந்த அன்று, கோர்ட் வராந்தாவில் வைத்து தம்பிக்காரன் கேட்டது. “நீ கேட்கலியேப்பா” என்றேன். கோர்ட் உத்தரவை நேரில் போய் நிறைவேற்றும் அமீனா வேலையிலிருந்து ஓய்வுபெற்று இத்தனை காலம் ஆகியும் அந்தப் பதில் எனக்கே முழுசாக ஒப்பவில்லை.

வழக்கு என்னவோ நம் பக்கத்தில் எல்லோருக்கும் பழகியதுதான். விசைப்படகு வாங்கத் தம்பி புரோநோட்டு எழுதிக்கொடுத்து வாங்கிய கடன். எல்லை தாண்டியதாக இலங்கைக் கடற்படை படகைப் பிடித்துப் போய்விட்டது. படகு யாழ்ப்பாணப் பக்கம் மயிலிட்டியில் கிடக்க, வட்டி இங்கே ஓடியது. பணத்தைக் கட்டச் சொல்லி டிக்ரி ஆகி, அதை நிறைவேற்றக் கேட்ட மனுவில் வீடு வந்து நின்றது. அப்பா கட்டிய ஓட்டு வீடு, அக்காவுக்கும் தம்பிக்கும் சரிபாதி. ஏலத்துக்கு வந்தது தம்பியின் பாதி. இதில் ஒரு வேடிக்கை உண்டு. கூலித் தொழிலாளி தான் குடியிருக்கும் வீட்டை ஜப்தி செய்யக் கூடாது என்று சிவில் நடைமுறைச் சட்டம் 60-வது பிரிவு சொல்கிறது. அடுத்தவன் படகில் கூலிக்கே போய்க்கொண்டிருந்தால் அவனுக்காக அதையாவது வாதாடிப் பார்த்திருக்கலாம். படகு வாங்கி முதலாளி ஆனதுதான் வினை.

விற்பனை அறிவிப்பை ஒட்டப் போனபோது தம்பி வீட்டில் இல்லை. அக்காதான் இருந்தார். அந்த அம்மா கடல்பாசி எடுத்துவிட்டு அப்போதுதான் வந்திருந்தார். பாறை கிழிக்காமலிருக்க விரல்களில் சுற்றிய துணியைக்கூட அவிழ்க்கவில்லை. தமுக்கு அடித்து முடிந்ததும் நான் வாசித்தேன்: இன்ன செக்குபந்திக்குள்பட்ட, அதாவது இன்ன நான்கு எல்லைக்குள் அடங்கிய வீட்டில் பிரிபடாத பொதுவில் பாதி.

“பாதின்னா எது சார்? அடுப்படி யாருக்கு, நடை யாருக்கு?”

வக்கீலைப் பாரு தாயி என்று சொல்லிவிட்டுப் பஸ்ஸுக்கு நடந்திருக்கலாம். எல்லா ஊரிலும் அதைத்தான் செய்தேன். அன்று என்னவோ, “கோடு கிழிச்ச பாதி இல்ல தாயி. நீயும் ஏலத்துல கேக்கலாம். வெளியாளும் நீயும் ஒரே தொகை கேட்டா, பங்குக்காரி உனக்குத்தான் சேரும்” என்று சொல்லிவிட்டேன். அதே சிவில் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 21, விதி 88. என் சொந்தச் சரக்கு ஒரு வார்த்தை இல்லை.

ஏலத்துக்கு ராமநாதபுரத்திலிருந்து ஒருவர் வந்திருந்தார். இப்படிப் பங்குகளை மலிவாக எடுத்து, மற்ற பங்குக்காரரை நெருக்குகிற ஆள். ஒரு தொகை சொன்னார். “அதேதான்” என்றார் இந்த அம்மா. அவர் ஏற்றினார். “அதேதான்.” மறுபடி ஏற்றினார். “அதேதான் சார், எழுதிக்கங்க.” ஒரு ரூபாய்கூடக் கூட்டாமல் இது என்ன ஏலம் என்று என் மேல் பாய்ந்தார் அவர். விதியைக் காட்டினேன். இன்னொரு தடவை ஏற்றிப் பார்த்துவிட்டுத் துண்டை உதறிக்கொண்டு போய்விட்டார். அந்த அம்மா 25 சதவீதத்தை அங்கேயே கட்டினார். மீதியை 15 நாளுக்குள். நகையெல்லாம் அடகுக்குப் போயிற்று.

அந்தப் பணத்தில்தான் தம்பியின் கடன் தீர்ந்தது, மிச்சமும் அவன் கைக்கே போனது. அவன் கணக்கில் மட்டும், அக்கா பங்கைப் பறித்துக்கொண்டாள். பெண்டாட்டி பிள்ளைகளோடு தங்கச்சிமடத்தில் வாடகைக்குப் போய்விட்டான்.

நான் சொன்னது பொய்யில்லை. ஆனால் சட்டத்தில் அது ஒன்றுதானா இருந்தது? ஏலம் முடிவதற்குள் கடனையும் செலவையும் கட்டினால் ஏலமே நின்றிருக்கும். வெளியாள் எடுத்திருந்தாலும், சொத்துரிமை மாற்றுச் சட்டம் 44-வது பிரிவு இருக்கிற வரை, குடும்ப வீட்டுக்குள் கூட்டாகக் குடிவர அவருக்கு உரிமை கிடையாது. பாகப்பிரிவினைக்கு வழக்குப் போட வேண்டும். போட்டால், 1893 பாகப்பிரிவினைச் சட்டப்படி அந்தப் பங்கை மதிப்பு விலைக்குத் தானே எடுத்துக்கொள்வதாக இந்த அம்மா கேட்கலாம். இதெல்லாம் தெரிந்திருந்தால் நகையை அடகு வைத்திருப்பாரா? வைத்திருப்பார் என்றுதான் தோன்றுகிறது. கோர்ட் படி ஏறி இறங்க அவருக்கு ஏது நேரம்? கடனை மட்டும் கட்டியிருந்தால் தம்பி அடுத்த நோட்டு எழுதியிருப்பான் என்றும் தோன்றுகிறது. அதைத் தீர்மானிக்க நான் யார் என்பது வேறு விஷயம்.

அவனுக்கும் வழி இல்லாமல் போகவில்லை. ஏலம் முடிந்து 60 நாளுக்குள் கடனையும் ஏலத்தொகையில் 5 சதவீதத்தையும் கட்டியிருந்தால் ஏலத்தை ரத்து செய்யக் கேட்டிருக்கலாம். அந்த 60 நாளில் அவனைக் கோர்ட் பக்கம் இரண்டொரு தரம் பார்த்தேன். தலையாட்டினான், நானும் ஆட்டினேன்.

வேலைக்குப் புதிதாக வரும் பையன்களிடம், ஒட்டினோமா வந்தோமா என்று இருங்கள், வாயைத் திறக்காதீர்கள் என்றுதான் சொல்கிறேன். அந்த அம்மா வாசலில் நின்றால் மறுபடியும் திறப்பேன், அதுவும் தெரியும். கேட்டிருந்தால் தம்பிக்கும் சொல்லியிருப்பேன் என்று ரொம்ப நாள் சமாதானம் சொல்லிக்கொண்டேன். ஆனால் ஏலத்தில் நிற்கலாமா என்று அக்காவும் கேட்கவில்லையே. அடுப்படி யாருக்கு என்றுதானே கேட்டார்.