அது என் வேலை இல்லைனு சொன்னேன்

"நடுவுல வேண்டாம்னு தோணிடுச்சுன்னா நிறுத்திக்கலாமா?"

அவ்ளோதான் அன்னிக்கு ஷூட்டிங்குக்கு வந்த அந்தப் பொண்ணு கேட்டது. முன்னாடி நாலு ஃபார்ம், ரெண்டுல கையெழுத்து போட்டாச்சு, மூணாவதுல பேனா நின்னுடுச்சு. நான் அவளோட லைசென்ஸை ஸ்கேனர்ல திருப்பி வெச்சிட்டு இருந்தேன், தலை நிமிந்து பாத்தேனான்னு கூட இப்ப உறுதியா சொல்ல முடியல. "அதை டைரக்டர்கிட்ட கேட்டுக்கோம்மா, நான் பேப்பர் மட்டும்தான் பாக்கறேன்"ன்னு சொன்னேன். சரின்னு தலையாட்டிட்டு கையெழுத்து போட்டா, உள்ள போயிட்டா.

ஆனா நான் சொன்னது இங்கிலீஷ்ல. அதுல இந்த "ம்மா" கிடையாது. மனசுக்குள்ள திரும்பத் திரும்ப ஓட்டிப் பாக்கறப்போ அது தமிழ்ல ஓடுது, தமிழ்ல ஓடும்போது தானா ஒரு கனிவு வந்து ஒட்டிக்குது. அன்னிக்கு நான் சொன்னதுல அந்தக் கனிவு இல்ல. "அது என் வேலை இல்லை, டைரக்டரைக் கேளுங்க", இவ்ளோதான் அவ காதுல விழுந்திருக்கும். இதை முதல்லயே சொல்லிடறேன், ஏன்னா எழுத எழுத நான் என்னை அறியாம என்னை நல்லவளா மாத்திட்டுப் போயிடுவேன்.

2022 மார்ச். லாஸ் ஏஞ்சலஸ்ல சாட்ஸ்வொர்த் பக்கம் அடல்ட் படம் எடுக்கற ஒரு சின்ன கம்பெனில ரெக்கார்ட்ஸ் பாத்துட்டு இருந்தேன். வீட்டுக்காரரோட வேலை விசாவை வெச்சு மனைவிக்குக் குடுக்கற எச்4 விசால வேலை பர்மிட் வந்தப்புறம் கிடைச்ச ரெண்டாவது வேலை. வீட்டுக்காரருக்குத் தெரியும். ஊர்ல அம்மாகிட்ட ரெக்கார்ட்ஸ் ஆஃபீஸ்னு மட்டும் சொல்லியிருக்கேன், அது பொய்யும் இல்ல. இந்தத் துறையைப் பத்தி எனக்கு இருக்கற அபிப்பிராயத்தை எழுத இதைத் தொடங்கல. என் மேசையில நடந்ததைத்தான் எழுதறேன்.

என் மேசை இருக்கறதுக்கே காரணம் 2257னு எல்லாரும் சொல்ற அமெரிக்கச் சட்டம். 1986ல, 18 வயசு ஆகறதுக்கு முன்னாடியே பொய் ஐடி காமிச்சு நிறைய படத்துல நடிச்ச ஒருத்தர் விஷயம் வெளிய வந்து இந்த ஊரே ஆடிப்போச்சு. ரெண்டு வருஷத்துல, 1988ல, இந்தச் சட்டம் வந்துச்சு. யாரை ஷூட் பண்றியோ அவங்க கவர்மென்ட் ஐடியை நீயே கண்ணால பாத்து, நிஜப் பேரு, பிறந்த தேதி, இதுக்கு முன்னாடி வெச்சுக்கிட்ட பேரு எல்லாத்தையும் எழுதி, ஐடி காப்பியோட சேத்து வெக்கணும். எடுத்தது எங்க வெளியானாலும் ரெக்கார்ட் எந்த அட்ரஸ்ல இருக்குன்னு அதுலயே போடணும். 7 வருஷம் வெச்சிருக்கணும். தப்பினா முதல் தடவையே 5 வருஷம் வரைக்கும் ஜெயில். 2006, 2007ல எஃப்பிஐ ஆளுங்க நிஜமாவே கம்பெனி கம்பெனியா வந்து ஃபைலைத் திறந்து பாத்திருக்காங்க. அப்புறம் வாரன்ட் இல்லாம அப்படி வரக்கூடாதுன்னு கோர்ட்ல கேஸ் வருஷக்கணக்கா போச்சு. எங்க ஆஃபீஸுக்கு நான் இருந்தவரைக்கும் யாரும் வந்ததில்ல, ஆனா நாளைக்கே வருவாங்கன்னு நினைச்சுதான் ஒவ்வொரு ஃபைலையும் வெச்சேன். அதுல எனக்குப் பெருமை உண்டு, இப்பவும் உண்டு. ஒரு குழந்தை அந்தக் கேமரா முன்னாடி போய் நிக்காம இருக்கறதுக்கு நடுவுல நிக்கற கதவு நான்தான்னு நம்பித்தான் தினமும் காலைல போவேன்.

அந்தப் பொண்ணுக்கு 19 ஆக இன்னும் ஒரு மாசம் இருந்துச்சு. தேதியை மூணு தடவை கணக்குப் போட்டேன், ரெண்டாவது ஐடி கேட்டேன், ஐடியை முகத்துக்குப் பக்கத்துல பிடிக்கச் சொல்லி போட்டோ எடுத்தேன். எல்லாம் சரி. ஒரு தேதிக்காக மூணு தடவை பாத்தவளுக்கு ஒரு கேள்விக்கு ஒரு தடவை நிமிரத் தோணல.

எனக்கு அதிகாரம் இல்லைன்னு சொல்லி ரொம்ப நாள் சமாதானம் ஆயிட்டு இருந்தேன். நான் வாசல் ரூம்ல உக்காந்திருக்கறவ, செட்டுக்குள்ள என்ன நடக்கணும்னு சொல்ல நான் யாரு. ஆனா அதுக்கு ஒரு மாசம் முன்னாடிதான் 34 வயசு அம்மா ஒருத்தங்க வந்தாங்க, பல வருஷமா இதே தொழில்ல இருக்கறவங்க, லைசென்ஸ் முடிஞ்சு ஆறு நாள் ஆயிருந்துச்சு. முடிஞ்ச ஐடி எங்க ஆஃபீஸ்ல செல்லாது. பாத்தாலே 18 தாண்டினவங்கன்னு யாருக்கும் தெரியும். இருந்தும் முடியாதுன்னுட்டேன். டைரக்டர் கத்தினாரு, லைட் எல்லாம் வாடகைக்கு எடுத்தது, மேக்கப் ஆள் வந்து உக்காந்தாச்சு. ஓனர் வந்து என்னைப் பாத்தாரு, நான் ஃபைலை மூடி வெச்சேன், ஷூட் கேன்சல். அந்தம்மாவுக்கு அன்னிக்கு சம்பளம் போச்சு, கார் பார்க்கிங்ல உக்காந்து யார்கிட்டயோ போன்ல அழுதுட்டு இருந்தாங்க. அப்போ அதிகாரம் எனக்கு இருந்துச்சு. முடிஞ்ச தேதி ஒண்ணுக்காக ஒரு நாளையே நிறுத்த முடிஞ்சவ, அந்தப் பொண்ணு கேட்டப்போ ரெண்டே நிமிஷம் பேனாவைக் கீழ வைன்னு சொல்லியிருக்கலாம்.

சரி, சொல்லியிருந்தா என்ன சொல்லியிருப்பேன்? "தாராளமா நிறுத்திக்கலாம்"னா? உள்ள போனப்புறம் அது நடக்குமான்னு எனக்கு எப்படித் தெரியும்? அந்த டைரக்டர் நல்ல மனுஷர்தான், ஒரு தடவை நடிக்க வந்தவர் வயித்துவலின்னு சொன்னதும் எல்லாரையும் வீட்டுக்கு அனுப்பினதை நான் பாத்திருக்கேன். ஆனா என் கண்ணு முன்னாடி நடக்காத ஒண்ணுக்கு நான் வாக்கு குடுத்து, அதை நம்பி அவ உள்ள போய், அங்க வேற மாதிரி ஆயிருந்தா அது இன்னும் பெரிய பாவம் இல்லையா? இப்படி யோசிச்சா நான் செஞ்சது சரின்னு தோணும். மறுநாள் காலைல பாத்திரம் கழுவிட்டு இருக்கும்போது மறுபடி அந்தப் பேனா நின்னது ஞாபகம் வரும்.

2024 கடைசில அவகிட்ட இருந்து மெயில் வந்துச்சு. நாலஞ்சு வரிதான். இப்ப வேற வேலைல இருக்கேன், குழந்தை இருக்கு, அந்த வீடியோவை எடுத்துடுங்க. யாரும் மிரட்டினாங்கன்னோ கட்டாயப்படுத்தினாங்கன்னோ ஒரு வார்த்தை இல்ல. அடல்ட் சைட்டுங்க கார்டுல பணம் வாங்கணும்னா, 2021 அக்டோபர்ல இருந்து மாஸ்டர்கார்டு போட்ட ரூல்படி, வீடியோவுல இருக்கற ஒவ்வொருத்தரோட வயசுக்கும் சம்மதத்துக்கும் பேப்பர் இருக்கணும், புகார் வந்தா 7 வேலை நாளுக்குள்ள விசாரிச்சு முடிக்கணும். லாயர் என்கிட்ட ஃபைல் கேட்டாரு.

அப்போதான் ரெண்டு கேபினெட்டையும் திறந்தேன். ரெண்டு கேபினெட்ங்கறதை விளக்கணும். 2257 ரெக்கார்டை வேற எந்த ரெக்கார்டோடயும் கலக்கக் கூடாதுன்னு அந்தச் சட்டத்தோட விதியிலயே இருக்கு. அதனால வயசுக்கு ஒரு கேபினெட், ரிலீஸ் ஃபார்ம் (எடுத்த வீடியோவை வெளியிட நடிக்கறவங்க உரிமை எழுதிக் குடுக்கறது), கான்ட்ராக்ட் எல்லாத்துக்கும் வேற கேபினெட். இன்ஸ்பெக்‌ஷன் வந்தா முதல் கேபினெட்டை மட்டும்தான் காமிப்போம். சம்மதத்தைப் பத்தி அந்தச் சட்டம் ஒண்ணுமே கேக்கல, வயசுதான் கேக்குது. இத்தனை வருஷம் நான் பெருமையா பாத்துக்கிட்டது முதல் கேபினெட்டைத்தான். ரெண்டாவதுல இருக்கறதை ஸ்கேன் பண்ணி நம்பர் போட்டு வெச்சதோட சரி, படிச்சதே இல்ல.

அன்னிக்குப் படிச்சேன். அந்த மூணாவது ஃபார்ம் ரிலீஸ் ஃபார்ம். அவ பேனா நின்ன வரியில "இர்ரிவோகபிள்"னு ஒரு வார்த்தை இருந்துச்சு, திரும்பப் பெற முடியாதுன்னு அர்த்தம். ஓரத்துல சின்னதா ஒரு மசிப்புள்ளி, பேனாவை ஊன்றின மாதிரி. வேற எப்பவாவது பட்டதாவும் இருக்கலாம். ஆனா எனக்கு வயித்தைப் பிசைஞ்சுடுச்சு. எடுத்த வீடியோவை விக்கற உரிமையைப் பத்தித்தான் அந்த வரி. அந்த அறைக்குள்ள அவ உடம்பைப் பத்தி அதுல ஒண்ணும் இல்ல. 18 வயசுப் பொண்ணு அதைப் படிச்சுட்டு, அப்போ உள்ள போனா நிறுத்தவே முடியாது போலன்னு நினைச்சுதான் அந்தக் கேள்வியைக் கேட்டிருக்கா. அவ கேட்டது பேப்பரைப் பத்தி! நான் பேப்பர் மட்டும்தான் பாக்கறேன்னு சொன்னேனே, அந்தப் பேப்பரைப் பத்தித்தான் கேட்டிருக்கா. டைரக்டர்கிட்ட போகவேண்டிய கேள்வியே இல்ல அது.

இல்ல, இப்படியும் இருக்காம இருக்கலாம். சும்மா பயத்துல கேட்டிருக்கலாம், உள்ள போய் டைரக்டரைக் கேட்டு அவரு நல்லபடியா சொல்லியிருக்கலாம். ஷூட் முடிஞ்சு எடுக்கற சம்மத வீடியோவைப் போட்டுப் பாத்தேன், எல்லாம் ஓகேதானான்னு கேக்கறாங்க, ஓகேன்னு சொல்றா, லேசா சிரிக்கறா. சிரிப்பை எத்தனை தடவை நிறுத்தி நிறுத்திப் பாத்தாலும் அதுக்கு என்ன அர்த்தம்னு படிக்க எனக்குத் தெரியல.

அந்த வாரம் பூரா என் மனசுல ஓடினது சான் டியேகோ கேஸ்தான். அங்க ஒரு அடல்ட் வீடியோ கம்பெனி மேல 22 பொண்ணுங்க போட்டது, 2020 ஜனவரில தீர்ப்பு, அவங்களுக்குக் கிட்டத்தட்ட 1.28 கோடி டாலர். அதுல யாரும் வயசு குறைஞ்சவங்க இல்ல. இன்டர்நெட்ல வராது, வெளிநாட்டுல டிவிடி மட்டும்தான்னு பொய் சொல்லி, படிக்க விடாம அவசரப்படுத்திக் கையெழுத்து வாங்கியிருந்தாங்க. பேப்பர் எல்லாம் இருந்துச்சு. அந்தப் பேப்பர் செல்லாதுன்னு சொல்லி, வீடியோ உரிமையையே அந்தப் பொண்ணுங்களுக்குக் குடுக்கச் சொன்னாரு ஜட்ஜ். எங்க ஆஃபீஸ் அப்படிப்பட்ட இடம் இல்லைன்னு சத்தியமா சொல்வேன், இங்க யாரும் யார்கிட்டயும் எங்க வரும்னு பொய் சொன்னதில்ல. ஆனா அந்த ஆஃபீஸ்லயும் ஐடியை ஸ்கேன் பண்ண ஒருத்தர் இருந்திருப்பாங்களே, அவங்களும் நான் பேப்பர் மட்டும்தான் பாக்கறேன்னுதானே நினைச்சிருப்பாங்க.

லாயருக்கு அனுப்பற ஷீட்ல நோட்ஸ்னு ஒரு கட்டம் உண்டு. ரெண்டு நாள் அதையே பாத்துட்டு இருந்தேன். "கையெழுத்துக்கு முன் நடுவில் நிறுத்தலாமா என்று கேட்டார்" - இவ்ளோ எழுதியிருந்தா போதும். எழுதினா என்ன ஆகும்? அவளுக்கு உதவியா இருந்திருக்கலாம். கம்பெனிக்கு வினையா ஆகியிருக்கலாம், எனக்கு வேலை போயிருக்கலாம், வேலை போனா எங்க ஒரு சம்பளத்துல அந்த வாடகை கட்ட முடியாது. அதோட அவ புகார்ல சொல்லாத ஒண்ணை, அவ சார்புல நான் எழுத எனக்கு என்ன உரிமைன்னும் யோசிச்சேன். கட்டத்தைக் காலியா விட்டேன். ஃபைல் கம்ப்ளீட்னு டிக் பண்ணி அனுப்பினேன்.

ரெண்டு மாசம் கழிச்சு எங்க சைட்ல இருந்து எடுத்துட்டாங்க, ஏன்னு என்கிட்ட சொல்லல. எங்ககிட்ட அந்த வீடியோவை வெளியிட உரிமை வாங்கின மத்த இடங்கள்ல இருக்கற காப்பி இருக்கறபடியேதான் இருக்கும்னு நினைக்கறேன். அவளுக்குப் போன பதிலை நான் பாக்கல.

அப்புறம் நான் ஒண்ணு ஆரம்பிச்சேன். ரிலீஸ் ஃபார்ம் நீட்டும்போது அந்த வரியில விரலை வெச்சு, இது வீடியோவைப் பத்தினது, உள்ள எப்ப வேணாம்னு தோணினாலும் நிறுத்தலாம், நிறுத்தினா யாரும் உங்களை இந்தக் காகிதத்தைக் காமிச்சு மிரட்ட முடியாதுன்னு ஒவ்வொருத்தர்கிட்டயும் சொல்லுவேன். சட்ட ஆலோசனை குடுக்கறது உன் வேலை இல்லைனு ஓனர் ரெண்டு தடவை சொன்னாரு. அவர் வாயில அதே வாக்கியத்தைக் கேட்டப்போதான் அது எப்படி இருக்கும்னு எனக்குத் தெரிஞ்சுது. நிறுத்தல, சொல்லிட்டேதான் இருந்தேன். அனுபவம் உள்ளவங்க எங்களுக்குத் தெரியும்னு தலையாட்டிடுவாங்க. புதுசா வர்றவங்க ஆன்னு பாப்பாங்க, அதுல எத்தனை பேர் மனசுல ஏறிச்சோ. நாளாக நாளாக நானும் அதை மூச்சு விடாம ஒப்பிக்க ஆரம்பிச்சுட்டேன், அஞ்சாவது ஃபார்ம் மாதிரி ஆயிடுச்சு அது. அன்னிக்கு அவளுக்கு அஞ்சாவது ஃபார்மா தேவைப்பட்டுச்சு? யாராவது நிமிந்து பாத்தாலே போதும்னு இருந்திருக்கும்.

போன வருஷம் அந்த வேலையை விட்டுட்டேன், இதுக்காக இல்ல, வீடு மாறினோம். அவ ஃபைல் 2029 மார்ச் வரைக்கும் அந்த முதல் கேபினெட்ல இருக்கணும். விட்டுட்டு வர்றதுக்கு முந்தின நாள் அதை எடுத்து, அன்னிக்கு நோட்ஸ் கட்டத்துல எழுதாம விட்டதை அதுலயாவது எழுதிடலாமான்னு கடைசியா ஒரு தடவை உக்காந்தேன். ரெக்கார்ட்ஸ்ல எது எழுதினாலும் பக்கத்துல தேதி போட்டு கையெழுத்து போடணும். அவ கேட்ட நாளோட தேதியைப் போட்டா அது பொய். அன்னிக்குத் தேதியைப் போட்டா, இதை இவ்ளோ நாள் ஏன் வெச்சிருந்தேன்னு அதுலயே எழுதணும். பேனாவை வெச்சிட்டு, ஃபைலை மறுபடி அதே இடத்துல சொருகிட்டு வந்துட்டேன்.