ஸ்லாக்நீல் கிளப் வரலாறு: வேலைக் குறிப்புகள்

மார்ச் 2
வட அயர்லாந்தின் டெரி கவுண்டியில், மகேரா ஊருக்கு அருகே வயல்களும் சிதறிய வீடுகளுமாக இருக்கிறது ஸ்லாக்நீல். அங்கே 1953இல் தொடங்கியது ராபர்ட் எமெட் கிளப். 1803இல் டப்ளினில் தூக்கிலிடப்பட்ட புரட்சிக்காரரின் பெயர் அது. கையாலும் காலாலும் ஆடும் கேலிக் கால்பந்து, மட்டையும் சிறு பந்தும் கொண்ட ஹர்லிங், அதையே பெண்கள் ஆடும் கமோகி மூன்றும் இங்கே ஆடப்படுகின்றன. வரலாறு எழுத உட்காருகிறவர்கள் முதலில் மூன்றுக்கும் தனித்தனி நோட்டு போட வேண்டும். கமோகிக்கு 1904 முதல் தனிச் சங்கம் உண்டு. ஆண்களின் கூட்டக் குறிப்புகளை மட்டும் புரட்டினால் பெண்களின் முடிவுகள் கிடைக்காது. கிளப் மலர்களில் பெண்கள் அரைப் பக்கத்தோடு முடிந்துபோவதற்கு இதுவும் ஒரு காரணம்.

மார்ச் 5
ஸ்கோரை 1-9 என்று எழுதுவார்கள்: ஒரு கோல், ஒன்பது பாயிண்ட். பந்து குறுக்குக் கம்பிக்குக் கீழே போனால் கோல், மேலே போனால் பாயிண்ட். கோலுக்கு 3 என்பதால் மொத்தம் 12. மொத்தத்தை மட்டும் எழுதி வைக்கக் கூடாது. 2-4ம் 0-10ம் ஒரே எண்தான், ஆட்டம் வேறு.
அந்த வட்டாரத்தின் பழைய அணிகளைத் தேடிப் போனால் கவனம் தேவை. 1892க்கு முன் ஒரு கோல் எத்தனை பாயிண்டையும் வென்றுவிடும். அந்த ஆண்டில் கோலுக்கு 5 என்றானது, 1896இல் 3. ஆட்களும் 21இலிருந்து 1892இல் 17 ஆகி, 1913இல் 15 ஆனார்கள். கால்பந்தில் 2025 முதல் 40 மீட்டர் வளைவுக்கு வெளியிலிருந்து அடித்தால் இரண்டு பாயிண்ட். அதற்கு முந்தைய ஸ்கோர்களோடு ஒப்பிட்டால் கணக்கு பிசகும்.

மார்ச் 9
அதிகம் தவறுவது ஆண்டில்தான். அகில அயர்லாந்து கிளப் இறுதியாட்டம் 2019 வரை பல ஆண்டுகள் மார்ச் 17, புனித பேட்ரிக் நாளில் நடந்தது. ஆக 2017 மார்ச் ஆட்டம் 2016 பருவத்தைச் சேர்ந்தது. ஒருவர் 2016 என்றும் இன்னொருவர் 2017 என்றும் எழுதினால் பட்டியலில் ஒரே ஆட்டம் இரண்டாகிவிடும். பருவம், ஆட்ட நாள் இரண்டையும் தனிக் கட்டங்களில் எழுதினால் சிக்கல் தீரும். 2020 முதல் இறுதியாட்டம் பெரும்பாலும் ஜனவரியில். கொரோனாவால் 2020 பருவத்துக்கு ஆட்டமே இல்லை; அந்தக் கட்டத்தை அழிக்காமல் காரணத்தோடு விட வேண்டும்.

மார்ச் 13
2016 பருவத்துக்குத் தனி அத்தியாயமே கொடுக்கலாம். அக்டோபரில் ஹர்லிங், நவம்பரில் கால்பந்து, கூடவே கமோகி என அயர்லாந்தின் வடக்கு மாகாணமான அல்ஸ்டரின் மூன்று கோப்பைகளும் ஒரே கிளப்புக்கு வந்தன. அல்ஸ்டர் ஹர்லிங்கை டெரி கிளப் ஒன்று வென்றது அதுவே முதல் முறை. பிறகு 2017 பிப்ரவரியில் அகில அயர்லாந்துக் கால்பந்து அரையிறுதியில் வெற்றி, இரண்டு வாரத்தில் ஹர்லிங் அரையிறுதியில் டப்ளின் கிளப்பான குவாலாவிடம் தோல்வி. மார்ச்சில் கமோகி அகில அயர்லாந்துக் கோப்பை கிடைத்தது. புனித பேட்ரிக் நாளில் கால்பந்து இறுதியாட்டத்தில் கெர்ரி கவுண்டியின் டாக்டர் க்ரோக்ஸ் கிளப் 1-9, ஸ்லாக்நீல் 1-7.
ஆண்கள் அணிகள் இரண்டிலும் பெரும்பாலும் அதே ஆட்கள். கால்பந்துப் பயிற்சி ஓட்டத்துக்கும் மோதலுக்கும் உடம்பைத் தயார் செய்யும். ஹர்லிங்குக்குக் கைப்பழக்கம் வேண்டும், சில நாள் மட்டையைத் தொடாவிட்டாலும் பந்து நழுவும். அதனால் வரலாற்றில் முடிவுகளோடு ஆட்டங்களுக்கு இடைப்பட்ட நாட்களையும் எழுத வேண்டும். தோல்விக்கு அது சாக்கு அல்ல. ஆனால் அது இல்லாமல் தோல்வி புரியாது.
பக்கத்து மகேராவின் க்ளென் கிளப் 2024 ஜனவரியில் அகில அயர்லாந்துக் கால்பந்துக் கோப்பையை வென்றது. ஸ்லாக்நீல் 2015லும் 2017லும் இறுதியில் தோற்ற அதே கோப்பை. மலரில் இதை விட்டுவிட ஆசை வரும்; விடக் கூடாது.

மார்ச் 18
தேதியில்லாத படங்கள். ஆட்டத்தில் எல்லோர் தலையிலும் ஹெல்மெட் இருந்தால் பெரும்பாலும் 2010 அல்லது அதற்குப் பிறகு; அந்த ஆண்டில்தான் எல்லா ஹர்லிங் ஆட்டக்காரர்களுக்கும் அது கட்டாயமானது. கமோகி அணி 1999 வரை 12 பேர், பிறகு 15. ஆனால் மாற்று ஆட்டக்காரர்களும் வரிசையில் நின்றிருப்பார்கள், தலையெண்ணி முடிவு கட்ட வேண்டாம்.
மட்டையும் தடயம்தான். பழையதில் அடிப்பகுதி ஒடுக்கம், இப்போது அகலம். விதிப்படி 13 செ.மீ. வரை. நல்ல மட்டை ஆஷ் மரத்தின் அடித்தண்டு வேரை நோக்கி விரியும் இடத்திலிருந்து வருகிறது, மரத்தின் ரேகை வளைவோடு ஓட வேண்டும். ரேகை குறுக்கே ஓடினால் முதல் மோதலிலேயே பிளந்துவிடும். 2012இல் அயர்லாந்தில் ஆஷ் மரங்களைக் கொல்லும் பூஞ்சை நோய் கண்டுபிடிக்கப்பட்டது. மூங்கில் மட்டைகளும் வந்துவிட்டன. எனவே கிளப்பில் பழைய ஆஷ் மட்டை கிடைத்தால் தேய்த்து வார்னிஷ் அடிக்க வேண்டாம். நுனித் தகரப் பட்டையும் ஆணிகளும் கைப்பிடிக் கட்டும் இருந்தபடியே இருக்கட்டும். யார், எந்தப் பருவத்தில் ஆடியது என்று ஒரு சீட்டில் எழுதி, ஒட்டாமல் நூலால் கட்ட வேண்டும்.