எங்கே உட்கார்ந்திருந்தார்?

ஜூன் 8, மண்டபம்

ராத்திரி இரண்டு மணி. கச்சான் காற்று ஜன்னலைப் போட்டு அடிக்கிறது. தம்பிக்கு மீன்பிடித் தடைக்காலம் முடிய இன்னும் ஒரு வாரம் இருக்கிறது, நன்றாகத் தூங்குகிறான். எனக்கு இது பகல். அமெரிக்க நோயாளிகளின் மருத்துவக் குறிப்புகளை, அதாவது சார்ட்களைப் படித்து, என்ன நோய், எப்படி அடிபட்டது என்பதற்கெல்லாம் கோட் எண் போடுகிற மெடிக்கல் கோடிங் வேலை.

இன்றைக்கு ஒரு சார்ட்டில் நின்றுவிட்டேன். அமெரிக்காவில் ஏதோ ஒரு கடற்கரை. மணலில் ஓட்டுகிற டூன் பக்கி கவிழ்ந்து, அதில் போன பெண்ணுக்கு வலது மணிக்கட்டு முறிந்திருக்கிறது. அவர் யார், எந்த ஊர், எந்த ஆஸ்பத்திரி என்பதை இங்கே எழுத மாட்டேன். இந்த வேலையில் முதலில் கற்றுக்கொண்டது அதைத்தான்.

முறிவுக்கான கோட் சிரமமில்லை. விழும்போது உள்ளங்கையை ஊன்றினால் வருகிற கோலிஸ் முறிவு, எஸ்52.531ஏ. நேரம் எடுப்பது அதற்கு அடுத்த கோட், எப்படி அடிபட்டது என்று சொல்வது. மணல், பனி, கரடுமுரடான நிலம் இவற்றில் ஓட்டுவதற்கென்றே செய்த வண்டிகளில் இருந்தவர்களுக்கு வி86. நாலாவது இடத்தில் வரும் எண், வண்டியில் அவர் யார் என்று கேட்கிறது. ஓட்டியவரா, பயணியா, வெளிப்பக்கம் தொற்றிக்கொண்டு வந்தவரா? பொதுச்சாலை விபத்து என்றால் 0, 1, 2. சாலைக்கு வெளியே என்றால் 5, 6, 7. ஐந்தாவது இடம் வண்டியின் வகை, டூன் பக்கிக்கு 3. ஆறாவது இடத்தில் சொல்ல ஒன்றுமில்லாததால் எக்ஸ் போட்டு நிரப்புகிறோம். ஏழாவது ஏ. அதை முதல் வருகை என்று புதிதாக வருகிறவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். சிகிச்சை இன்னும் நடந்துகொண்டிருக்கிறது என்பதே அதன் பொருள்.

டாக்டர் குறிப்பில் பயணி என்று இருந்தது. வி86.63எக்ஸ்ஏ போட்டேன். நடந்த இடம் கடற்கரை, ஒய்92.832. எல்லாம் சரி. அனுப்பும் முன் நர்ஸ் எழுதியதையும் ஒரு தடவை படித்தேன். "பின்பக்கக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றபடி வந்தார்" என்று ஒரு வரி இருந்தது.

நின்றபடி வந்தார் என்றால் உள்ளேயா, வெளியேயா? உள்ளே என்றால் 6, வெளியே என்றால் 7. சார்ட்டை அனுப்பவில்லை, நிறுத்தி வைத்திருக்கிறேன்.

ஜூன் 9

டீம் லீட் போன் செய்தார். "அந்தக் கோடால பில்லுல ஒரு டாலர் கூடப்போறதும் இல்ல, குறையப்போறதும் இல்ல. எதுக்கும்மா ஹோல்டு?" அவர் சொன்னது தப்பில்லை. வி கோட் முதல் கோடாக வரவே முடியாது. அதைக் கட்டாயம் போட வேண்டும் என்று அந்த நாடு முழுவதற்குமான விதியும் கிடையாது, மாநிலமோ இன்சூரன்ஸ்காரரோ கேட்டால்தான் கட்டாயம். ஆனால் போடுவது என்று முடிவெடுத்துவிட்டால் உண்மையைப் போட வேண்டும். பின்னால் நின்று வந்தவர்கள் எத்தனை பேர் அடிபடுகிறார்கள் என்று என்றைக்காவது யாராவது எண்ணிப் பார்ப்பார்கள். அவர்கள் எண்ணப்போவது நான் போடுகிற இந்த எண்ணைத்தான்.

ஸ்டியரிங்கைப் பிடித்திருப்பவருக்கு அடுத்து எங்கே பள்ளம் வருகிறது என்று தெரியும். கூட வருகிறவருக்கு அது தெரியாது. அவரைப் பற்றி நாம் எழுதுவது ஒரே ஒரு எண். அதையாவது சரியாக எழுத வேண்டாமா?

குறிப்பு ஒன்றுக்கொன்று முரண்பட்டால் நாமாக ஊகிக்கக் கூடாது, டாக்டரிடம் கேட்க வேண்டும். க்வெரி அனுப்பிவிட்டேன்.

ஜூன் 10

காலையில் ஷிப்ட் முடித்து வெளியே வந்தால் அம்மா முற்றத்தில் காரப்பொடி மீன் ஆய்ந்துகொண்டிருந்தாள். நாட்டுப்படகுக்காரர் கொடுத்தது. கத்தி இடது கையில் இருந்தது. வலது மணிக்கட்டு, கவிழ்த்து வைத்த முள்கரண்டி மாதிரி லேசாக மேலே எழும்பி வளைந்திருக்கிறது. பாடப்புத்தகத்தில் கோலிஸ் முறிவுக்குப் போட்டிருக்கும் அதே படம். இத்தனை வருடமாகப் பார்க்கிற கை. இன்றைக்குத்தான் இரண்டையும் சேர்த்துப் பார்த்தேன்.

2003, எனக்கு ஏழு வயது. ஊரிலிருந்து வந்த சித்தி குடும்பத்துக்குத் தனுஷ்கோடியின் இடிந்த சர்ச்சைக் காட்டப் போனோம். இப்போது இருக்கிற தார்ச்சாலை அரிச்சல்முனை வரை திறக்கப்பட்டது 2017இல். அப்போதெல்லாம் முகுந்தராயர் சத்திரத்தோடு சாலை முடிந்துவிடும். அதற்கப்புறம் வேன்தான். மணலிலும் தேங்கிய கடல்தண்ணீரிலும் குலுங்கிக்கொண்டே போகும். உள்ளே அடைத்து ஏற்றியது போக, பின்படியிலும் ஆட்கள் தொங்குவார்கள். அம்மா வேனிலிருந்து விழுந்தது அன்றைக்குத்தான்.

"அம்மா, அன்னைக்கு வேன்ல நீ எங்க உக்காந்திருந்த?"

கத்தியை நிறுத்தினாள். "எங்க உக்காந்தேன்? உன்னைய சித்தி மடியில குடுத்தேன். கைப்புள்ளையோட ஒருத்தி ஏறுனா, என் இடத்தை அவளுக்கு விட்டுட்டேன். நான் பின்னாடி ஏணியப் பிடிச்சுக்கிட்டு நின்னேன்." அப்புறம் சொன்னாள், "இத்தனை வருசத்துல இதை ஒருத்தரும் கேட்கல புள்ள."

நானும் கேட்டதில்லை.

ஜூன் 11

பகல் முழுக்க மின்சாரம் இல்லை. தூக்கமும் இல்லை. ராத்திரி 14 சார்ட்தான் முடிந்தது. டாக்டரிடமிருந்து பதில் வரவில்லை.

ஜூன் 12

டிரங்குப் பெட்டியில் தேடினேன். மஞ்சப்பைக்குள் நாலாக மடித்த ஏ.ஆர். காப்பி இருந்தது, ஆஸ்பத்திரியின் விபத்துப் பதிவேட்டு நகல். மடிப்பெல்லாம் கிழிந்திருக்கிறது. "வேனிலிருந்து தவறி விழுந்ததாகச் சொல்கிறார்." அவ்வளவுதான். உள்ளே இருந்து விழுந்தாரா, படியில் இருந்தா, மணலிலா, சாலையிலா, ஒன்றும் இல்லை.

அம்மாவுக்கு நானே கோட் போட்டுப் பார்த்தேன். மணலில் ஓடினாலும் வேன் வேன்தான், மணலுக்கென்று செய்த வண்டி இல்லை. அதனால் வி86க்குள் வராது. மோதல் இல்லாமல் வேனிலிருந்து விழுந்தவர்களுக்கு வி58. இங்கேதான் கவனம் வேண்டும். வேன் பகுதியில் நாலாவது எண் தலைகீழ். சாலைக்கு வெளியே நடந்தது முதலில் வரும், 0, 1, 2 என்று. வி86 பழக்கத்தில் கை தானாக 7 போட்டுவிட்டால் அம்மா பொதுச்சாலையில் விழுந்தவளாகிவிடுவாள். வெளிப்பக்கம் நின்றவர், சாலைக்கு வெளியே, வி58.2.

முறிந்து கோணலாக ஒட்டிக்கொண்ட எலும்புக்கு ஏழாவது இடத்தில் தனி எழுத்தே இருக்கிறது, பி (P). மாவுக்கட்டை மூன்றாம் வாரமே அம்மா பிரித்துவிட்டாள். கருவாடு காயப்போடுகிற வேலைக்குப் போயாக வேண்டியிருந்தது. இன்றைக்கு அவளை ஒரு எலும்பு டாக்டரிடம் கூட்டிப்போனால் எஸ்52.531பி, கூடவே வி58.2எக்ஸ்எக்ஸ்டி. கடைசி டி (D), முதல் சிகிச்சைக்குப் பிந்தைய வருகை என்பதற்கு. ஏ.ஆர். காப்பியின் பின்பக்கம் பென்சிலால் எழுதி வைத்தேன்.

ஜூன் 14

இன்று நள்ளிரவோடு தடைக்காலம் முடிகிறது. தம்பி ஐஸ் ஏற்றப் போயிருக்கிறான். கரை முழுக்க டீசல் வாசம்.

பதில் வந்துவிட்டது. டாக்டர் குறிப்பில் கூடுதலாக ஒரு வரி சேர்த்திருக்கிறார். அந்தப் பெண் இருக்கையில் இடமில்லாமல் பின் பம்பரில் ஏறி, கூண்டுக் கம்பியைப் பிடித்து நின்றிருக்கிறார். 6ஐ அழித்து 7 போட்டேன். வி86.73எக்ஸ்ஏ. சார்ட் போய்விட்டது.

அம்மாவிடம் சொன்னேன். பேரும் ஊரும் இல்லாமல், இடமில்லாமல் பின்னால் நின்று வந்த ஒரு பெண் என்று மட்டும். கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "அந்தப் பொண்ணு கட்டை முழுசா வச்சிருந்துச்சா?" என்றாள்.

எனக்குத் தெரியாது. அவர் கட்டு பிரிக்க வருகிற சார்ட் வேறு யாராவது ஒருவருக்குப் போகும்.