அக்கா பிள்ளைகளை அம்மாச்சி வீட்டிலேயே வைத்துக்கொள்ள

ஆதரவில்லாத பிள்ளைகள் எங்கே வளர வேண்டும் என்று முடிவு செய்கிற குழந்தைகள் நலக் குழு என்றாலே, பிள்ளைகளைக் கூட்டிப்போய் இல்லத்தில் சேர்த்துவிடுகிற ஆபீஸ் என்றுதான் எங்கள் ஊரில் பேச்சு. அக்கா இறந்தபோது அம்மாவுக்கும் அதே பயம். அத்தான் அதற்கு முன்பே சிறுநீரகம் கெட்டுப் போய்ச் சேர்ந்துவிட்டார். பதினோரு வயதுப் பெண்ணும் ஏழு வயதுப் பையனும் அம்மாச்சி வீட்டுக்கு வந்தார்கள். அம்மாவுக்கு முதியோர் உதவித்தொகை 1,200 ரூபாய், நாலைந்து ஆடுகள், அவ்வளவுதான் வரும்படி. நான் வெளியூரில் துணிக்கடையில் நிற்கிறேன். "ரெண்டையும் ஏதாவது ஹோம்ல விட்டுரு, நேரத்துக்குச் சோறாவது கிடைக்கும்" என்று சொந்தக்காரர்களே சொன்னார்கள். நல்ல மனசோடுதான் சொன்னார்கள். ஆனால் தாயும் தகப்பனும் போன பிள்ளைகளுக்கு மிச்சமிருக்கிற வீட்டையும் இல்லாமல் ஆக்குவதற்கு எனக்கு மனசு வரவில்லை.

பெண்ணின் தலைமையாசிரியைதான் வழி சொன்னார்: கலெக்டர் ஆபீஸில் மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகு இருக்கிறது, அங்கே போய் நிதி ஆதரவுக்கு எழுதிக் கொடுங்கள் என்று. போனபிறகுதான் விஷயம் புரிந்தது. இல்லத்தில் சேர்ப்பது கடைசி வழி என்று 2015ஆம் ஆண்டின் இளைஞர் நீதிச் சட்டமே சொல்கிறது. பிள்ளை குடும்பத்தோடு இருப்பதற்காகத்தான் மத்திய அரசின் மிஷன் வாத்சல்யா என்ற குழந்தைகள் பாதுகாப்புத் திட்டத்தில் ஒரு பிள்ளைக்கு மாதம் 4,000 ரூபாய் தருகிறார்கள், 18 வயது வரை. பெற்றோர் இல்லாமல் உறவினரிடம் வளரும் பிள்ளைகளுக்கு மட்டுமல்ல. கணவனை இழந்தவர்கள், கைவிடப்பட்டவர்கள், உயிருக்கு ஆபத்தான நோயில் கிடப்பவர்கள் இவர்களின் பிள்ளைகளும் கேட்கலாம். குடும்ப வருமானம் கிராமத்தில் ஆண்டுக்கு 72,000, நகரத்தில் 96,000 ரூபாயைத் தாண்டக் கூடாது. இந்த வரம்பு ரொம்பக் குறைவு. கொத்தனார் வேலைக்குப் போகிற ஒரு தாய்மாமன் இதற்குள் அடங்க மாட்டார்.

அலைச்சல் எல்லாம் காகிதத்தில்தான். இறப்புச் சான்று இரண்டும் கையில் இருந்தன. பிள்ளைகளின் பெயர் அக்காவின் ரேஷன் கார்டில் இருந்ததால், அங்கே நீக்கி அம்மா கார்டில் சேர்க்க வேண்டியிருந்தது. பையனின் இனிஷியல் ஆதாரில் ஒன்று, பிறப்புச் சான்றில் ஒன்று. வருமானச் சான்றுக்கு இ-சேவையில் 60 ரூபாய் கட்டினோம், வி.ஏ.ஓ., ஆர்.ஐ., தாசில்தார் என்று அது நகர்ந்து வந்தது. பள்ளியில் படிப்புச் சான்று உடனே கொடுத்தார்கள். வங்கியில்தான் முட்டியது. அப்பா அம்மா இல்லாத பிள்ளைக்கு அம்மாச்சியைக் காப்பாளராகப் போட்டுக் கணக்கு தொடங்க முடியாது, கோர்ட் ஆர்டர் கொண்டுவா என்றார்கள். குழந்தைகள் நலக் குழுவின் உத்தரவு கையில் வந்தபிறகு, அந்த நகலைக் காட்டித்தான் கணக்கு தொடங்கினோம். இந்த நகலைப் பத்திரமாக வையுங்கள்.

அந்த உத்தரவு வருவதற்கு முன் வீட்டைப் பார்க்க ஒரு சமூகப் பணியாளர் வந்தார். அம்மா விடிகாலையிலேயே வாசல் தெளித்து, பித்தளைக் குடத்தைப் புளி போட்டு விளக்கி வைத்திருந்தார். வந்தவர் குடத்தைப் பார்க்கவே இல்லை. பிள்ளைகள் எங்கே படுக்கிறார்கள், புத்தகப் பையை எங்கே மாட்டுகிறார்கள், நேற்று ராத்திரி என்ன சாப்பிட்டார்கள் என்று கேட்டார். பிறகு எங்களை வெளியே இருக்கச் சொல்லிவிட்டு, பெண்ணோடு தனியாகப் பேசினார். அம்மாவுக்கு அது பிடிக்கவில்லை, திண்ணையில் முந்தானையை முறுக்கிக்கொண்டே இருந்தார். எனக்கோ அதில்தான் நம்பிக்கையே வந்தது. உறவுக்காரர் வீட்டில் வளர்கிற பெண் பிள்ளையை யாராவது தனியாகக் கூப்பிட்டுக் கேட்கத்தான் வேண்டும்.

குழுவின் முன்னால் போனதும் நடுக்கம்தான். மாஜிஸ்திரேட்டுக்குரிய அதிகாரம் உள்ள குழு; தலைவரும் நான்கு உறுப்பினர்களும். ஆனால் கூண்டு, கறுப்புக் கோட்டு எதுவும் கிடையாது. பிள்ளைகளுக்கும் நாற்காலி போட்டார்கள். ஒரு மேடம் பையனிடம், "நீ எங்கப்பா இருக்கணும்னு நினைக்கிற?" என்று கேட்டார். அவன் வாய் திறக்காமல் அம்மாச்சி கையைப் பிடித்துக்கொண்டான். "சரிப்பா, அங்கேயே இரு" என்றார். அம்மா அங்கேயே அழுதுவிட்டார்.

பணம் ஒப்புதலாகிக் கணக்குக்கு வரச் சில மாதங்கள் பிடித்தன. சில சமயம் இரண்டு மூன்று மாதத்துக்குச் சேர்த்துத்தான் வருகிறது. அதனால் கடைக் கடன் அறவே இல்லை என்று சொல்ல முடியாது. இருந்தாலும் பெண்ணுக்குக் கண்ணாடி வாங்கினோம், இரண்டு பேரும் டியூஷன் போகிறார்கள். பணத்தைவிடப் பெரிதாக எனக்குப் பட்டது, அந்தப் பாதுகாப்பு அலகின் ஆற்றுப்படுத்துநர் (கவுன்சிலர்) பையனோடு உட்கார்ந்து பேசியது. அக்கா போனதிலிருந்து ராத்திரியில் படுக்கையை நனைத்துக்கொண்டிருந்தவன், மெல்ல மெல்லத் தேறினான்.

பிள்ளை பள்ளிக்கு ஒழுங்காகப் போக வேண்டும், இல்லத்தில் சேர்த்தால் உதவி நின்றுவிடும். வருமானச் சான்றை வருஷா வருஷம் புதுப்பித்து வையுங்கள். உங்கள் தெருவில் தாத்தா பாட்டியிடம் வளர்கிற பிள்ளை இருந்தால் இதைச் சொல்லுங்கள். எங்கே போவதென்று தெரியாவிட்டால் குழந்தைகளுக்கான உதவி எண் 1098க்குப் போன் செய்தால் போதும், காசு கிடையாது, ராத்திரியிலும் எடுப்பார்கள்.