இன்ஜினை ஓட்டக் கற்றுத்தரும் படங்கள்

தாராவியில் தையல் மெஷின் பழுது பார்ப்பது என் தொழில். அப்பா திருநெல்வேலிப் பக்கமிருந்து வந்து தொடங்கிய கடை, அவருக்குப் பிறகு நான் நடத்துகிறேன். பகல் முழுவதும் மெஷின், ராத்திரி கடையைச் சாத்திய பிறகு படம். அதிலும் பத்தொன்பதாம் நூற்றாண்டு இயந்திரங்கள் வரும் படம் என்றால் தூக்கத்தை விட்டுவிட்டுப் பார்ப்பேன். நீராவி இன்ஜின், இரும்புப் பாலம், பலூன், தந்தி என்று விக்டோரியா ராணி ஆண்ட 1837 முதல் 1901 வரையிலான காலத்தில் மனிதர்கள் செய்து பார்த்த எதுவும் எனக்குச் சலிப்பதில்லை. தினமும் என் கைக்கு வருகிற தையல் மெஷினும் அந்தக் காலத்தில் பிறந்ததுதான்.

அந்த மெஷினிலிருந்தே தொடங்குகிறேன். ஊசிக்குக் கீழே இருக்கும் தகட்டைக் கழற்றிவிட்டுச் சக்கரத்தைக் கையால் மெதுவாகச் சுற்றிப் பாருங்கள். ஊசி மேலே போனதும் உள்ளே இருக்கும் பல் எழுந்து வரும். துணியைக் கவ்வி ஒரு தையல் நீளத்துக்குத் தள்ளும். பிறகு கீழே இறங்கி, துணியைத் தொடாமல் பழைய இடத்துக்குத் திரும்பும். எழுதல், தள்ளுதல், இறங்குதல், திரும்புதல் என்று நான்கு அசைவுகள். ஆலன் வில்சன் என்ற அமெரிக்கர் 1854-இல் இதற்குக் காப்புரிமை வாங்கினார். இன்றும் எங்கள் தெருவில் ஓடும் மெஷின்களில் துணி இப்படித்தான் நகர்கிறது.

சினிமாவும் இதே அசைவில்தான் பிறந்தது. படச்சுருள் ஒரே சீராக ஓடினால் திரையில் கலங்கல்தான் தெரியும். ஒவ்வொரு படமும் வெளிச்சத்துக்கு முன்னால் ஒரு கணம் நிற்க வேண்டும், வெளிச்சம் மறைந்திருக்கும்போது அடுத்தது வந்து சேர வேண்டும். நிறுத்தி நிறுத்தி நகர்த்துவது எப்படி என்ற இந்தச் சிக்கலுக்கு பிரான்சில் லியோன் நகரத்து லூயி லூமியேர் விடை கண்டது தையல் மெஷினின் அசைவை நினைத்துத்தான். அவரும் அண்ணன் ஒகூஸ்தும் 1895-இல் காப்புரிமை பெற்ற கருவியில் இரண்டு கூர்முனைகள் சுருளின் துளைகளுக்குள் நுழையும், ஒரு படம் அளவுக்குக் கீழே இழுக்கும், வெளியே வரும், மேலே ஏறும். விநாடிக்குச் சுமார் 16 தடவை. நான் துடைத்து எண்ணெய் விடுகிற அதே நான்கு அசைவுகள்! இதை முதலில் படித்த அன்று வேலை ஓடவில்லை.

அந்தக் கருவி 1896 ஜூலை 7-ஆம் தேதி பம்பாய்க்கு வந்துவிட்டது. காலா கோடாவில் இருந்த வாட்சன் ஹோட்டலில், ஒரு ரூபாய் டிக்கெட்டுக்குக் குறும்படங்களைக் காட்டினார்கள். ஒன்றில் ரயில் வந்து நின்றது, இன்னொன்றில் தொழிற்சாலையிலிருந்து தொழிலாளர்கள் வெளியே வந்தார்கள். ஹோட்டல் கட்டடமே ஓர் இயந்திரம் மாதிரிதான். தூண்களையும் சட்டங்களையும் இங்கிலாந்தில் வார்த்து, கப்பலில் கொண்டுவந்து, 1860களில் இங்கே பொருத்திக் கட்டினார்கள். வரைபடம் போட்ட ரோலண்ட் மேசன் ஆர்டிஷ், லண்டன் செயின்ட் பாங்க்ரஸ் ரயில் நிலையத்தின் பெரிய கூரையிலும் வேலை செய்தவர். எஸ்பிளனேட் மேன்ஷன் என்ற பெயரில் அந்தக் கட்டடம் சிதைந்த நிலையில் இப்போதும் நிற்கிறது. ஃபோர்ட் பக்கம் போகிறவர்கள் ஒரு நிமிடம் நின்று அண்ணாந்து பார்க்கலாம்.

இயந்திரத்தைக் காட்டுகிற படத்துக்கு நான் வைத்திருக்கும் சோதனை ஒன்றுதான். படம் முடிந்த பிறகு அந்த இயந்திரத்தை எப்படி ஓட்டுவது என்று பார்த்தவருக்குக் கொஞ்சமாவது தெரிந்திருக்க வேண்டும். பல்சக்கரங்களும் பித்தளைக் குழாய்களும் பின்னணியில் மின்னினால் மட்டும் போதாது. எது எதைத் தள்ளுகிறது, யார் கை எங்கே இருக்கிறது என்பது தெரிய வேண்டும்.

இந்தச் சோதனையில் முதலிடம் 1926-இல் வந்த 'தி ஜெனரல்' என்ற மௌனப் படத்துக்கு. பஸ்டர் கீட்டன் நடித்து, கிளைட் பிரக்மனோடு சேர்ந்து இயக்கியது. அமெரிக்க உள்நாட்டுப் போரின்போது 1862 ஏப்ரல் 12-ஆம் தேதி ஜார்ஜியாவில் வடக்குப் படையின் ஒற்றர்கள் 'ஜெனரல்' என்ற ரயில் இன்ஜினைக் கடத்திக்கொண்டு ஓடினார்கள். துரத்தியவர்கள் கடைசியில் 'டெக்சஸ்' என்ற இன்ஜினைப் பின்னோக்கியே ஓட்டிக்கொண்டு விரட்டினார்கள். எரிபொருள் தீர்ந்து ஜெனரல் நின்றுபோனது. இந்த உண்மைக் கதையைத் துரத்துகிற இன்ஜின் டிரைவரின் பக்கத்திலிருந்து கீட்டன் சொல்கிறார். அடிமை முறைக்காகப் போரிட்ட தரப்பை நாயகனின் தரப்பாக வைத்தது எனக்கு ஒவ்வவில்லை, ஒவ்வொரு முறை பார்க்கும்போதும் உறுத்துகிறது. ஆனால் இன்ஜினைக் காட்டிய விதத்தில் அதற்கு இணையான படத்தை நான் பார்த்ததில்லை.

ஒரு காட்சி. காதலி கோபித்துக்கொண்டு போய்விட, நாயகன் இன்ஜின் சக்கரங்களை இணைக்கும் தண்டின் மேல் சோர்ந்து உட்கார்கிறான். உள்ளே யாரோ இன்ஜினைக் கிளப்புகிறார்கள். தண்டு மெதுவாக எழுந்து, வளைந்து, இறங்குகிறது. அவனும் அதோடு எழுந்து இறங்குகிறான், சுற்று முடிந்து அடுத்தது தொடங்கிய பிறகுதான் அவனுக்கு உறைக்கிறது. பார்ப்பவர்கள் சிரிக்கிறார்கள். நான் முதல் தடவை பார்த்தபோது என் வயிறு கலங்கியது. கிளம்பும் நேரத்தில் நீராவியைச் சற்று அதிகமாகத் திறந்துவிட்டால், பிடிப்புக் கிடைக்காமல் சக்கரம் தண்டவாளத்தில் வழுக்கிச் சரசரவென்று சுழன்றுவிடும். அப்படி நடந்திருந்தால் தண்டில் உட்கார்ந்த ஆள் பிழைத்திருக்க முடியாது. உள்ளே நீராவியைத் திறந்த கை அவ்வளவு நிதானமானது. அந்தக் கைக்குச் சொந்தக்காரர் திரையில் தெரியவே இல்லை, ஆனால் காட்சி அவருடையதும்தான்.

கடையில் என்னோடு வேலை பார்க்கும் தம்பி தூத்துக்குடிப் பையன். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவனுக்கு இந்தப் படத்தைப் போட்டுக் காட்டினேன். பாதியில், "அண்ணாச்சி, விறகு தீர்ந்துவிட்டால் இவர் என்ன செய்வார்?" என்று கேட்டான். இது விறகில் ஓடுகிறது, விறகு தீரும், தீர்ந்தால் நிற்கும் என்று யாரும் சொல்லிக்கொடுக்காமலே அவனுக்குப் புரிந்திருந்தது. அவன் கேட்டு வாய் மூடுவதற்குள் கீட்டன் கோடாரியை எடுத்து விறகு பிளக்கத் தொடங்கிவிட்டார். அதில் மூழ்கியிருக்கும்போது பின்னால் ஒரு படை பின்வாங்கிப் போகிறது, எதிரிப் படை முன்னேறி வருகிறது. அவருக்குத் தெரியவில்லை, இன்ஜினின் பசிதான் பெரிதாக இருக்கிறது. தண்டவாளத்தில் கிடக்கும் கட்டையை, கையிலிருக்கும் இன்னொரு கட்டையை அதன் நுனியில் எறிந்து தெறிக்கவிடும் காட்சியையும் தம்பி திரும்பத் திரும்ப ஓடவிட்டுப் பார்த்தான். அது நெம்புகோல் பாடம்.

கடைசியில் எரியும் பாலத்தின் மேல் நிஜ இன்ஜினை ஓடவிட்டு ஆற்றில் விழச் செய்தார்கள். ஓரிகன் மாநிலத்தில் காட்டேஜ் குரோவ் என்ற ஊருக்குப் பக்கத்தில் எடுத்தது. மௌனப் படக் காலத்திலேயே அதிகம் செலவான ஒற்றைக் காட்சி அது என்பார்கள். விழுந்த இன்ஜின் வருடக்கணக்கில் ஆற்றிலேயே கிடந்து, இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் பழைய இரும்பாகப் போனது. பாலம் முறியும்போது இன்ஜின் உடனே விழுவதில்லை, மரச்சட்டங்கள் முதலில் வளைந்து கொடுக்கின்றன. எடை என்றால் என்ன என்பதை அந்த ஒரு கணம் காட்டிவிடுகிறது. கம்ப்யூட்டரில் வரைந்த இன்ஜின்கள் எனக்கு ஏன் ஒட்டவில்லை என்று அதைப் பார்க்கும்போது தெரிகிறது.

மைக்கேல் கிரைட்டன் இயக்கிய 'தி ஃபர்ஸ்ட் கிரேட் டிரெயின் ராபரி' வேறு வகை. 1855-இல் லண்டனிலிருந்து ஃபோக்ஸ்டன் போன ரயிலில் தங்கத்தைத் திருடி, எடை தெரியாமலிருக்க ஈயக் குண்டுகளை வைத்துவிட்டுப் போன உண்மைச் சம்பவத்திலிருந்து பிறந்த கதை. படத்தில் பெரும்பகுதி நேரம் சாவிகளைத் தேடுவதிலேயே போகிறது, மெழுகில் அச்செடுப்பதை நிதானமாகக் காட்டுகிறார்கள். பூட்டு வேலை தெரிந்தவர்கள் ரசிப்பார்கள். ஷான் கானரி ஓடும் ரயிலின் கூரையில் தானே ஓடி நடித்தது இந்தப் படத்தில்தான். உண்மைத் திருடர்கள் கூரையில் ஏறவில்லை, ரயில் கார்டையே கூட்டுச் சேர்த்துக்கொண்டார்கள். அது படத்துக்கு உதவாது என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

2009-இல் வந்த 'ஷெர்லாக் ஹோம்ஸ்' படத்தில் சண்டைகள் எனக்கு அதிகம். இருந்தாலும் இறுதிச் சண்டையைப் பாதி கட்டி முடித்த லண்டன் டவர் பிரிட்ஜின் மேல் வைத்தார்களே, அதற்காக நன்றி சொல்ல வேண்டும். 1886-இல் தொடங்கி 1894-இல் திறந்த பாலம் அது. கோட்டை மாதிரித் தெரியும் கல் எல்லாம் போர்வைதான், உள்ளே எடையைத் தாங்குவது எஃகு. நீராவி இன்ஜின்கள் தண்ணீரை அழுத்தித் தேக்கிவைக்கும், கப்பல் வரும்போது அந்த அழுத்தம்தான் பாலத்தின் இரு கைகளையும் தூக்கும். கல் மூடுவதற்கு முந்தைய எலும்புக்கூட்டைத் திரையில் பார்த்தது மனத்துக்கு நிறைவாக இருந்தது.

வருத்தம் தந்த படம் 'தி ஏரோநாட்ஸ்'. 1862 செப்டம்பர் 5-ஆம் தேதி ஜேம்ஸ் கிளெய்ஷர் என்ற வானிலை அறிஞரும் ஹென்றி காக்ஸ்வெல் என்ற பலூன் ஓட்டியும் வுல்வர்ஹாம்ப்டனிலிருந்து நிலக்கரி வாயு நிரப்பிய பலூனில் ஏறினார்கள். கிளெய்ஷர் மூச்சுக்காற்றுக் குறைந்து மயங்கிவிட்டார். வாயுவை வெளியேற்றும் வால்வின் கயிறு சிக்கிக்கொண்டது. காக்ஸ்வெல் மேலே ஏறி அதை விடுவித்தார், கைகள் குளிரில் விறைத்துப்போனதால் கயிற்றைப் பல்லால் கடித்து இழுத்தார். பலூன் இறங்கியது, இருவரும் பிழைத்தார்கள். படத்தில் காக்ஸ்வெல்லே இல்லை! அவர் இடத்தில் கற்பனையாக ஒரு பெண்ணை வைத்திருக்கிறார்கள். பெண் நாயகி வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்தே கிடையாது. அந்தக் காலத்தில் பலூன் ஓட்டிய உண்மைப் பெண்கள் இருந்தார்கள், அவர்கள் கதையை எடுத்திருக்கலாம். கருவியை ஓட்டியவனின் பெயரை அழித்துவிட்டு, அளவெடுத்த அறிஞரின் பெயரை மட்டும் வைத்துக்கொண்டதுதான் எனக்கு வலித்தது. தொழிலாளிக்கு வழக்கமாக நடப்பது இதுதான். எடிசனும் வெஸ்டிங்ஹவுஸும் மோதிக்கொள்ளும் 'தி கரண்ட் வார்' பற்றி அதிகம் சொல்ல இல்லை. மின்சாரம் கண்ணுக்குத் தெரியாது, அதைப் புரியவைக்க வேறு வழி தேட வேண்டும். பெரிய மனிதர்களின் முகங்கள்தான் எனக்கு நினைவில் நிற்கின்றன.

'தி கோஸ்ட் அண்ட் தி டார்க்னஸ்' படமும் இதில் சேரும். கென்யாவின் ட்சாவோ ஆற்றில் 1898-இல் ரயில் பாலம் கட்டியபோது இரண்டு சிங்கங்கள் தொழிலாளர்களை அடித்துத் தின்ற உண்மைக் கதை. அந்த ரயில் பாதையைப் போட்டவர்களில் மிகப் பெரும்பாலோர் இந்தியாவிலிருந்து கப்பலேறிப் போனவர்கள். ஓம் புரி அவர்களில் ஒருவராக நடித்து, நிற்கும் நிலையிலேயே கூலிக்காரனின் மரியாதையைக் காட்டிவிடுகிறார். ஆனால் படம் சிங்கங்களின் பின்னால் போய்விட்டது. பாலம் எப்படி எழுந்தது என்று கேட்டால் படத்தில் பதில் இல்லை.

எனக்கு வேண்டிய படம் இங்கேயே, மும்பைக்குப் பக்கத்திலேயே இருக்கிறது. ஊருக்குப் போகும் நாகர்கோவில் ரயிலும் சென்னை ரயில்களும் ஏறுகிற போர் காட் என்ற மலை ரயில் பாதை. 1856-இல் தொடங்கி 1863-இல் முடித்தார்கள். 25 சுரங்கங்கள். செங்குத்தான இடங்களில் 37 அடி போனால் ஓர் அடி ஏற்றம். வேலை உச்சத்தில் இருந்தபோது நாற்பதாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் மலையில் இருந்தார்கள், ஆயிரக்கணக்கில் நோயிலும் விபத்திலும் மடிந்தார்கள். ஒப்பந்தம் எடுத்து 1859-இல் இங்கிலாந்திலிருந்து வந்த சாலமன் டிரெட்வெல் சில வாரங்களிலேயே நோய் கண்டு இறந்தார். அவர் மனைவி ஆலிஸ் ஊர் திரும்பவில்லை. ஒப்பந்தத்தைத் தன் பேரில் ஏற்று, பொறியாளர்களை வைத்து வேலையை முடித்துக்கொடுத்தார். நாயகியைக் கற்பனை செய்ய வேண்டிய தேவையே இல்லாத கதை.

அந்தப் பழைய பாதையில் மலைக்கு நடுவே ஓர் இடத்தில் ரயில் வளைந்து ஏற இடம் போதவில்லை. அங்கே ரயில் நிற்கும், இன்ஜின் முன்னாலிருந்து கழன்று மறுமுனைக்குப் போய் மாட்டிக்கொள்ளும், வந்த திசைக்கு எதிர்த்திசையில் ரயில் மறுபடி ஏறும். பிற்காலத்தில் பாதையை மாற்றி அதை ஒழித்துவிட்டார்கள். ஏற்றம் மட்டும் மாறவில்லை, மலையடியில் இருக்கும் கர்ஜத்தில் ரயிலின் பின்னால் இன்ஜின்களை மாட்டித் தள்ளிக்கொண்டுதான் லோனாவளா போகிறோம். வடாபாவ் வாங்க இறங்குகிறவர்கள் கடைசிப் பெட்டிப் பக்கம் நடந்து போனால் மாட்டுவதைப் பார்க்கலாம்.

மராத்தியிலோ தமிழிலோ யாராவது இந்தப் படத்தை எடுப்பதாக இருந்தால் ஒன்று கேட்டுக்கொள்கிறேன். ஆலிஸையும் கல் உடைத்தவர்களையும் உங்கள் விருப்பம்போல் காட்டுங்கள். மலை நடுவில் ரயில் திசை மாறும் காட்சியை மட்டும் அவசரப்படாமல் முழுதாக எடுங்கள். கொக்கி கழல்வது, சரிவில் பெட்டிகள் உருண்டுவிடாமல் பிரேக்கைப் பிடித்திருக்கும் ஆளின் கை, இன்ஜின் சுற்றி வந்து மறுபக்கம் இடிக்காமல் சேர்வது, மறுபடி நீராவியைத் திறப்பது. நான்கையும் வரிசை மாறாமல் காட்டுங்கள், கேமரா பக்கத்திலேயே இருக்கட்டும்.