அணையாத கணப்பும் அரைக் கதவும்

அயர்லாந்தின் பழைய கிராமத்து வீடுகளைப் பற்றிப் படிக்கும்போதெல்லாம் என் மனம் அவற்றின் கணப்பருகிலேயே நின்றுவிடுகிறது. ஓர் அறையின் அகலமே கொண்டு, வைக்கோல் வேய்ந்து நீண்டு கிடந்த அவ்வீடுகளில், சதுப்பு நிலத்திலிருந்து வெட்டி உலர்த்திய கரிமண் கட்டிகள் எரியும் கணப்பே மையம். இரவில் கங்குகளைச் சாம்பலால் மூடி, காலையில் அதே நெருப்பை ஊதி எழுப்பினர், அது அணைவதைத் தீய சகுனமாகவும் கருதினர். அரைக் கதவின் திறந்த மேற்பாதி வெளிச்சத்தை உள்ளே விட்டது. மூடிய கீழ்ப்பாதி கோழிகளைத் தடுத்தது (சாய்ந்து நின்று பேசவும் அதுவே வசதி).

ஆனால் பட அஞ்சலட்டைகளில் காணும் வெள்ளைச் சுவர் வீடு முழு உண்மையன்று. 1841 கணக்கெடுப்பு கடைசியான நான்காம் தரமென வகுத்த ஓரறை மண்குடிசைகள் சுமார் 4,90,000. உருளைக்கிழங்கு விளைச்சல் பொய்த்து வந்த பெரும்பஞ்சத்தின் முடிவை ஒட்டி, 1851இல், எஞ்சியவை சுமார் 1,35,000. குடியிருந்தவர்கள் வசதி பெற்றதனால் அல்ல, பெரும்பாலும் இறந்தோ வெளியேற்றப்பட்டோ கப்பலேறியோ போனதனாலேயே அவை மறைந்தன.