ஒரு கிலோபைட்டுக்குள் குடித்தனம்

மூன்று வாரமாக, ராத்திரி வேலையெல்லாம் முடிந்ததும் நான் போய் உட்காருவது 1981-ல் வந்த ஒரு கணினியின் முன்னால். நிஜக் கணினி இல்லை, அதைப் போலவே நடந்துகொள்ளும் எமுலேட்டர். சிங்க்ளேர் இசட்எக்ஸ்81. நினைவகம் 1 கிலோபைட், அதாவது 1024 பைட். கணினி மனதில் ஒரு எண்ணை நினைத்துக்கொள்ளும், நாம் கண்டுபிடிக்க வேண்டும் என்கிற மாதிரி ஒரு சின்ன விளையாட்டை பேசிக் என்ற நிரல் மொழியில் எழுத ஆரம்பித்தேன். பாதி தாண்டியதும் இடம் தீர்ந்துவிட்டது.

எங்கே போயிற்று என்று கணக்குப் பார்த்தேன். கணினி தன் சொந்தக் காரியங்களைக் குறித்துவைக்க 125 பைட் எடுத்துக்கொள்கிறது. திரை 24 வரி, வரிக்கு 32 எழுத்து, முழுத் திரையையும் வரிமுடிவுக் குறிகளோடு நினைவகத்தில் வைத்துக்கொள்ள 793 பைட் வேண்டும். இரண்டும் போனால் நிரலுக்கு மிஞ்சுவது 106 பைட்! அப்படி விட்டால் ஒன்றுமே எழுத முடியாது என்பதால் ஒரு வழி செய்திருக்கிறார்கள். நினைவகம் குறைவாக உள்ள கணினியில் காலி வரிக்கு ஒரே ஒரு பைட்தான், 'வரி இங்கே முடிகிறது' என்கிற குறி மட்டும். எழுத்து விழ விழத்தான் திரை இடம் பிடிக்கும். தொடக்கக் குறி ஒன்றையும் சேர்த்துக் காலித் திரைக்கு 25 பைட் போதும். ஆனால் விளையாட்டு திரையில் நிறையப் பேசினால் அந்தப் பேச்சே நிரலின் இடத்தைத் தின்றுவிடும். என் விளையாட்டில் நான் எழுதிவைத்த நீளமான வரவேற்பு வாசகத்தை மூன்று வார்த்தையாக வெட்டியதும் மூச்சுவிட இடம் கிடைத்தது.

அப்புறம் எண்கள். இந்தக் கணினியில் நிரலுக்குள் ஒரு எண்ணை எழுதினால், கண்ணுக்குத் தெரிகிற இலக்கங்களோடு கண்ணுக்குத் தெரியாத 6 பைட்டும் சேர்ந்து உட்கார்ந்துகொள்ளும், ஓடும்போது கணக்கு வேகமாக நடக்கட்டும் என்று. ஆக ஒரு வெறும் சைபருக்கு 7 பைட் செலவு. ஆனால் கட்டளைச் சொற்கள் எல்லாம் ஆளுக்கு ஒரு பைட்தான். அதனால் அந்தக் காலத்தில் இதில் நிரல் எழுதியவர்கள் சைபர் வேண்டிய இடத்தில் 'நாட் பை' என்று எழுதினார்கள். 'பை' என்பது வட்டக் கணக்கில் வரும் 3.14, 'நாட்' என்பது சைபர் அல்லாத எதையும் சைபராக்கும் சொல். பை சைபர் இல்லை, எனவே 'நாட்' போட்டால் சைபர். 2 பைட்டில் வேலை முடிந்தது! இதைப் பார்த்த ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை. இதே கணினியில், இதே 1 கிலோபைட்டில், டேவிட் ஹார்ன் என்பவர் 672 பைட்டில் சதுரங்கம் எழுதியிருக்கிறார். கோட்டை கட்டுவது மாதிரி சில விதிகளை விட்டுவிட்டார், ஆனாலும் அது எதிரே உட்கார்ந்து நம்மோடு விளையாடுகிறது.

இந்த ஆரம்பகால வீட்டுக் கணினிகளின் கதையை யார் முதலில் செய்தார், யார் அதிகம் விற்றார் என்று சொல்வதுதான் வழக்கம். எனக்கு அதைவிட வேறு ஒரு கேள்வி பிடித்திருக்கிறது: ஒவ்வொருவரும் எதை விட்டுவிட்டார்கள்? நினைவகமும் சிப்பும் அவ்வளவு விலை விற்ற காலத்தில், எல்லாவற்றையும் வைத்தால் வீட்டில் யாரும் வாங்க முடியாது. எதையாவது விட்டுத்தான் ஆக வேண்டும். எதை விட்டார்கள், விட்ட இடத்தை எப்படி நிரப்பினார்கள் என்று பார்த்தால் அந்தப் பெட்டியைச் செய்த மனிதரே கண்முன் வந்து நிற்கிறார்.

ஆல்டேர் 8800 விட்டது கீபோர்டையும் திரையையும். 1975 ஜனவரியில் 'பாப்புலர் எலக்ட்ரானிக்ஸ்' இதழின் அட்டையில் வந்தது. அமெரிக்காவின் ஆல்புகர்க்கி நகரில் எம்ஐடிஎஸ் என்ற சின்ன நிறுவனம், அதை நடத்தியவர் எட் ராபர்ட்ஸ். கால்குலேட்டர் விலைப்போட்டியில் அடிபட்டுக் கடனில் நின்றவர், இன்டெல் 8080 சிப்பை மொத்தமாக மலிவு விலைக்குப் பேசி வாங்கி, பாகங்களாக 400 டாலருக்கும் குறைவாகக் கணினியை விற்றார். நாமே பற்றவைத்துக்கொள்ள வேண்டும். அடிப்படை நினைவகம் 256 பைட். முன்பக்கத்துச் சுவிட்சுகளை மேலும் கீழும் தட்டித்தான் நிரலை ஏற்ற வேண்டும், விடை சிவப்பு விளக்குகளில் வரும். ஸ்டீவ் டாம்பியர் என்பவர் பக்கத்தில் ஒரு ரேடியோவை வைத்தார். கணினி ஓடும்போது எழும் மின் இரைச்சல் ரேடியோவில் கேட்கும், நிரல் சுற்றுகிற நேரத்தை மாற்றினால் சுருதி மாறும். அதை வைத்து, கணினி ஆர்வலர்கள் கூடும் ஹோம்ப்ரூ கம்ப்யூட்டர் கிளப் கூட்டத்தில் பாட்டே வாசித்துக் காட்டினார். ஒலி எழுப்ப ஒரு பாகம்கூட இல்லாத பெட்டியில்! எனக்கு இந்த முழு வரலாற்றிலும் மிகவும் பிடித்த நிகழ்ச்சி இதுதான்.

அதே 1975-ல் நடந்த இன்னொன்று இல்லாவிட்டால் மற்றவற்றில் பல நடந்திருக்காது. மோட்டரோலாவிலிருந்து வெளியேறிய சக் பெடலும் அவர் கூட்டாளிகளும் எம்ஓஎஸ் டெக்னாலஜியில் 6502 என்ற செயலியை, அதாவது கணினியின் மூளையான சிப்பைச் செய்து, சான்பிரான்சிஸ்கோவில் ஒரு கண்காட்சியின்போது 25 டாலருக்கு விற்றார்கள். மற்ற செயலிகளுக்கு நூறு, இருநூறு டாலர் என்று இருந்த நேரம். ஆப்பிள், கமோடோர், அட்டாரி, பிபிசி மைக்ரோ எல்லாவற்றிலும் உட்கார்ந்தது இந்த 6502-ம் அதன் வழிவந்தவையும்தான்.

1977-ல் பெட்டியைப் பிரித்து மின்சாரம் கொடுத்தால் ஓடுகிற கணினிகள் மூன்று வந்தன. கமோடோர் பெட் கால்குலேட்டர் பொத்தான் மாதிரி குட்டிக் கீபோர்டோடு வந்தது, பத்து விரலால் தட்டச்சு செய்ய முடியாது. டிஆர்எஸ்-80, திரையோடு சேர்த்து 599.95 டாலர், விட்டது சின்ன எழுத்துகளை. திரை நினைவகத்துக்கு 8 சிப் வேண்டிய இடத்தில் 7 போட்டு ஒன்றை மிச்சம் பிடித்தார்கள். அதனால் ஆங்கிலத்தில் பெரிய எழுத்து மட்டும்தான். வாங்கியவர்களில் கைதேர்ந்தவர்கள் இன்னொரு சிப்பை வாங்கி ஏற்கெனவே இருக்கும் சிப்பின் முதுகிலேயே பற்றவைத்துச் சின்ன எழுத்தை வரவழைத்துக்கொண்டார்கள். அதன் முதல் பேசிக்கில் பிழைச் செய்திகள் மொத்தமே மூன்று: என்ன? எப்படி? மன்னிக்கவும். புரியாவிட்டால் முதலாவது, புரிந்தும் செய்ய முடியாவிட்டால் இரண்டாவது, இடம் தீர்ந்தால் மூன்றாவது. யோசித்துப் பார்த்தால் வேறு என்ன வேண்டும்?

மூன்றாவது ஆப்பிள் 2. இது விலை கூடியது, 4 கிலோபைட்டோடு 1298 டாலர். ஆனால் ஸ்டீவ் வோஸ்னியாக் அதில் மிச்சம் பிடித்த விதத்தைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும். அந்தவகை நினைவகச் சிப்பை ஒன்றிரண்டு மில்லிநொடிக்குள் திரும்பப் படிக்காவிட்டால் வைத்திருப்பதை மறந்துவிடும். அதை விடாமல் தொட்டுக்கொண்டே இருக்கத் தனியாகச் சுற்றுகள் போட வேண்டும். திரைக்கும் தனியாக நினைவகத்தைப் படித்துக்கொண்டே இருக்க வேண்டும். 6502 ஒவ்வொரு துடிப்பிலும் பாதி நேரம்தான் நினைவகத்தைத் தொடும், மீதிப் பாதி சும்மா கிடக்கிறது. வோஸ்னியாக் அந்த மீதியைத் திரைக்குக் கொடுத்தார். திரை படிக்கிற வரிசையையும் சிப்பின் எல்லாப் பகுதியையும் தொட்டுவிட்டு வருகிற மாதிரி அமைத்தார். திரையில் படம் வரும்போதே நினைவகமும் புதுப்பிக்கப்பட்டுவிடும், செயலி ஒரு கணம்கூடக் காத்திருக்க வேண்டாம். ஒரு கல்லில் இரண்டு மாங்காய் என்பதைச் சுற்றாக வரைந்தால் இப்படித்தான் இருக்கும். இதனால் திரையின் வரிகள் நினைவகத்தில் முன்பின்னாகக் கலைந்து கிடக்கும், விளையாட்டு எழுதியவர்கள் எந்த வரி எங்கே என்று அட்டவணை போட்டு வைத்துக்கொண்டார்கள்.

விடுவதில் எல்லோரையும் மிஞ்சியவர் கிளைவ் சிங்க்ளேர். 1980-ல் வந்த இசட்எக்ஸ்80-ல் திரைக்கென்று தனிச் சிப்பே இல்லை, செயலியே உட்கார்ந்து திரையை வரைய வேண்டும். கணக்குப் போடப் போனால் திரை இருண்டுவிடும், ஒவ்வொரு விசையை அழுத்தும்போதும் ஒரு துள்ளல். அடுத்த வருஷம் இசட்எக்ஸ்81-ல் சுமார் 20 சிப்பை 4 ஆகக் குறைத்தார்கள், விலை 69.95 பவுண்ட், பாகமாக வாங்கினால் 49.95. இதில் திரையை இருட்டாமல் ஓட்டலாம், ஆனால் திரையின் மேலும் கீழும் உள்ள வெற்று ஓரங்கள் வரையப்படும் இடைவெளியில்தான் நம் நிரல் ஓடும். அதனால் வேகம் கால்வாசி. எமுலேட்டரில் என் விளையாட்டு ஊர்ந்து ஓடுவதைப் பார்க்கும்போது இப்போது எரிச்சல் வருவதில்லை, ஒரு ஆள் இரண்டு வேலையையும் இழுத்துப் போட்டுக்கொண்டு செய்கிற மாதிரித் தெரிகிறது.

1982-ல் சிங்க்ளேரின் அடுத்த கணினி, ஸ்பெக்ட்ரம். இதில் புள்ளிகள் 256-க்கு 192. புள்ளிக்கு ஒரு நிறம் என்று கொடுத்தால் 18 கிலோபைட் போய்விடும். அதனால் புள்ளி இருக்கிறதா இல்லையா என்பதற்கு 6144 பைட், நிறத்துக்கு 8-க்கு 8 கட்டம் ஒவ்வொன்றுக்கும் ஒரு பைட் என்று 768, மொத்தம் 6912-ல் முடித்தார்கள். ஒரு கட்டத்தில் இரண்டே நிறம். விளையாட்டில் ஒரு ஆள் மரத்தைத் தாண்டினால் மரமும் அவன் நிறத்துக்கு மாறிவிடும். இன்றைக்கும் ஸ்பெக்ட்ரம் விளையாட்டைத் தூரத்திலிருந்தே அடையாளம் காண முடிவது இதனால்தான். 48 கிலோபைட் ஸ்பெக்ட்ரத்தில் இன்னொரு சிக்கனமும் உண்டு: பாதி பழுதான நினைவகச் சிப்புகளை மலிவாக வாங்கி, நல்ல பாதியை மட்டும் பயன்படுத்தினார்கள். கழித்துப்போட வேண்டியதை வைத்து வீட்டுக்கு வீடு கணினி போனது.

பிபிசி மைக்ரோ இதற்கு நேர் எதிர், அதிகம் எதையும் விடவில்லை, விலையும் அதற்கேற்றபடி. அதைச் செய்த ஏகார்ன் நிறுவனத்தின் சோஃபி வில்சனும் ஸ்டீவ் ஃபர்பரும் சிறு குழுவை வைத்துக்கொண்டு அடுத்துச் செய்ததுதான் 1985-ல் முதலில் ஓடிய ஏஆர்எம் செயலி. கமோடோர் 64-க்கு வேறு வசதி இருந்தது, எம்ஓஎஸ் டெக்னாலஜியையே கமோடோர் 1976-ல் வாங்கிவிட்டதால் ஒலிக்கும் படத்துக்கும் தனிச் சிப்புகளைச் சொந்த ஆலையிலேயே செய்துகொண்டார்கள்.

டிஸ்க் டிரைவ் கணினியைவிட விலை கூடியது என்பதால் பெரும்பாலானவர்கள் பாட்டுக் கேசட்டில்தான் நிரலைச் சேமித்தார்கள். ஸ்பெக்ட்ரத்தில் ஒரு பெரிய விளையாட்டு ஏற ஐந்து நிமிஷம். அந்த ஒலிப்பதிவு ஒன்றைக் கேட்டுப் பார்த்தேன்: முதலில் ஒரே சீரான விசில், அப்புறம் கரகரவென்று தரவு.

சரி, கையில் எடுத்துக்கொண்டு போகிற கணினிகள். இங்கே விட வேண்டியது பணத்துக்காக மட்டும் இல்லை, எடைக்காகவும். 1975-ல் ஐபிஎம் 5100 கையில் தூக்கலாம் என்று வந்தது, எடை சுமார் 25 கிலோ, விலை கிட்டத்தட்ட 9000 டாலரில் தொடங்கியது. சாதாரண ஆளுக்கு எட்டியது 1981 ஏப்ரலில் வந்த ஆஸ்போர்ன் 1. ஆடம் ஆஸ்போர்ன் பாங்காக்கில் பிறந்து, சிறுவயதில் திருவண்ணாமலையில் வளர்ந்தவர். 2003-ல் கொடைக்கானலில் காலமானார். வடிவமைத்தது லீ ஃபெல்சென்ஸ்டைன், அந்த ஹோம்ப்ரூ கிளப் கூட்டங்களை நடத்தியவர். 11 கிலோ, விமான இருக்கைக்கு அடியில் போகும், மூடியைத் திறந்தால் அதுவே கீபோர்டு. 5 அங்குலத் திரையில் வரிக்கு 52 எழுத்துதான் தெரியும், அகலமான பக்கத்தை ஜன்னல் வழியாகப் பார்ப்பதுபோல நகர்த்தி நகர்த்திப் படிக்க வேண்டும். பேட்டரி கிடையாது. ஆனால் 1795 டாலருக்குள் எழுதவும் கணக்குப் பார்க்கவும் தேவையான மென்பொருள் எல்லாம் கூடவே வந்தது. போதுமானது இருந்தால் போதும் என்பது ஆஸ்போர்னின் கொள்கை. 1983 செப்டம்பரில் நிறுவனம் திவால். அடுத்த மாடலை முன்கூட்டியே சொன்னதால் பழையதை யாரும் வாங்கவில்லை என்பார்கள், அதற்கு 'ஆஸ்போர்ன் விளைவு' என்று பெயரே வைத்துவிட்டார்கள். எனக்கு அது மட்டும் காரணமாகப் படவில்லை. அதே 1795 டாலருக்கு கேப்ரோ என்ற போட்டிக் கணினி 9 அங்குலத் திரையில் வரிக்கு 80 எழுத்தைக் கொடுத்தது. 52 எழுத்துக்கும் 80 எழுத்துக்கும் உள்ள வித்தியாசம் தினமும் எழுதுகிறவருக்குத்தான் தெரியும்.

1982-ல் வந்த கிரிட் காம்பஸ் விலையைப் பற்றிய கவலையையே விட்டுவிட்டது. பில் மாக்ரிட்ஜ் வடிவமைத்த மடக்குத் திரை, மெக்னீசியம் உடம்பு, 8150 டாலர். விண்வெளி ஓடத்தில் ஏறிப் போனது. இன்றைய மடிக்கணினி பார்வைக்கு அதன் பேத்தி. எப்சன் எச்எக்ஸ்-20 திரையை விட்டது, 4 வரி, வரிக்கு 20 எழுத்து. பதிலுக்கு 1.6 கிலோ எடை, உள்ளேயே சின்ன பிரிண்டர், சுமார் 50 மணி நேரம் தாங்கும் பேட்டரி.

ஆனால் என் மனதுக்கு நெருங்கியது 1983-ல் வந்த டிஆர்எஸ்-80 மாடல் 100. கியோசெரா செய்தது, மென்பொருளின் பெரும்பகுதி பில் கேட்ஸ் கைப்பட எழுதியது. டிஸ்க் இல்லை, அதனால் காத்திருப்பும் இல்லை, பொத்தானை அழுத்தினால் விட்ட இடத்தில் தொடரலாம். 4 சாதாரண பென்சில் பேட்டரியில் சுமார் 20 மணி நேரம். உள்ளே மோடம். செய்தியாளர்கள் இதைத் தூக்கிக்கொண்டு போய், போன் கிடைத்த இடத்திலிருந்து செய்தியை அனுப்பினார்கள். நல்ல கீபோர்டு, முழு அளவு. விட்டது மறுபடியும் திரையைத்தான்: 8 வரி, வரிக்கு 40 எழுத்து.

இந்தப் பதிவின் முதல் வரைவை அப்படித்தான் எழுதினேன், ஜன்னலை 8 வரிக்கும் 40 எழுத்துக்கும் சுருக்கி வைத்துக்கொண்டு. முதல் பத்து நிமிஷம் மூச்சுமுட்டியது. ஆல்டேர் பத்தியை எழுதி முடித்து நிமிர்ந்தபோது ஒரு மணி நேரம் போயிருந்தது, ஜன்னலைப் பெரிதாக்க வேண்டும் என்று நினைவுக்கே வரவில்லை.